ஒரே மெட்டுக்கு நடந்தவன்

லேக்கலுக்குத் தொண்டை பெரிது. அவனுக்கு வந்த வினையெல்லாம் அந்தத் தொண்டையால்தான் வந்தது என்று அவன் கூட்டாளி கோலாஸ் ஆயுசு முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தான்.

தைவான் தீவின் கிழக்குக் கரையில், மலை கடலை நெருக்கிக்கொண்டு நிற்கும் இடத்தில், இருவருக்கும் ஒரே ஊர். அமிஸ் என்னும் பழங்குடியினர். அங்கே களை பறித்தாலும் வலை இழுத்தாலும் ஒருவன் முன்னால் எடுத்துப் பாடுவான், மற்றவர்கள் வாங்கிப் பாடுவார்கள். பாட்டில் பெரும்பாலும் சொல் இருக்காது. குரல் மட்டும் ஏறும், இறங்கும், சுழலும். லேக்கல் எடுத்துக் கொடுத்தால் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருப்பவர்களும் வாங்கிப் பாடுவார்கள். கோலாஸும் பாடுவான். ஆனால் எடுத்தவன் முடிப்பதற்குள் அரை மூச்சு முந்தி நுழைந்துவிடுவான். எத்தனை திட்டினாலும் அந்தப் பழக்கம் போகவில்லை.

அப்போது தீவு ஜப்பான்காரர்கள் கையில் இருந்தது. போரின் கடைசி வருடம் இருவரையும் படைக்கு எடுத்தார்கள். லேக்கலுக்குப் பள்ளிக்கூடத்திலேயே இசாவோ என்று பெயர் வைத்திருந்தார்கள். படையிலும் அதுவே நிலைத்தது. முதல் அணிவகுப்பில் அவன் குரலைக் கேட்ட கார்ப்பொரல் வரிசையை நிறுத்தினார்.

“யார்றா அது? முன்னால வா.”

அடி விழப்போகிறது என்று நினைத்துக்கொண்டு போனான். விழவில்லை. அன்றிலிருந்து நடைப்பாட்டை எடுத்துக் கொடுக்கும் வேலை அவனுடையதாயிற்று.

கடல் பிளக்கட்டும், மலை குனியட்டும்,
கொடி போகும் பக்கம் என் கால் போகும்.

இப்படித்தான் அந்தப் பாட்டு தொடங்கும். மற்ற வரிகளில் பாதி அவனுக்கு விளங்காது. ஆனால் மெட்டு நல்ல மெட்டு. மெல்ல மேலே ஏறி, உச்சியில் கொஞ்சம் தயங்கி, பிறகு தடதடவென்று இறங்கும். அந்தத் தயக்கத்தில் இடது கால் விழும்போது முதுகில் மூட்டை இருப்பதே மறந்துவிடும். கொடி எந்தப் பக்கம் போகிறது என்று அவன் கேட்டதில்லை. அவர்கள் போனதெல்லாம் கடற்கரையில் குகை தோண்டத்தான். பாடிக்கொண்டே போய்த் தோண்டினார்கள், பாடிக்கொண்டே திரும்பினார்கள்.

ஒருநாள் உச்சிவெயிலில் எல்லோரையும் வானொலிக்கு முன்னால் நிறுத்தினார்கள். பேரரசர் பேசினார். அரண்மனை மொழி, நடுநடுவே கரகரப்பு. யாருக்கும் ஒன்றும் பிடிபடவில்லை. லெப்டினன்ட் மண்ணில் மண்டியிட்டு அழுதார். அதைப் பார்த்து இன்னும் சிலர் அழுதார்கள். கார்ப்பொரல் லேக்கலிடம் வந்து மெதுவாக, “இன்னிக்குப் பாட்டு வேணாம்,” என்று மட்டும் சொன்னார்.

ஊருக்கு நடந்தே போனார்கள். பாட்டு இல்லாமல் இருவர் காலும் ஒத்துப்போகவில்லை. வழியில் கோலாஸ் கேட்டான்.

“நாம தோத்துட்டோமா, ஜெயிச்சிட்டோமா?”

“நாமன்னா யாரு?”

“அதான் எனக்கும் தெரியலை. முன்னால நின்னு பாடுனவன் நீதானே, உனக்குத் தெரியும்னு நெனச்சேன்.”

கொஞ்ச நாளில் சீனப் பெருநிலத்திலிருந்து தேசியப் படை வந்து இறங்கியது. வைக்கோல் செருப்பு, தோளில் தொங்கும் சட்டி, முதுகில் குடை. ஜப்பானிய பூட்ஸ் சத்தத்துக்குப் பழகியவர்களுக்கு, வருவது படையா, குடிபெயர்ந்து போகிறவர்களா என்றே புரியவில்லை. அடுத்த வருடம் ஓர் அதிகாரி கரையோர ஊர்களுக்கு ஆள் சேர்க்க வந்தார். “தீவை விட்டு எங்கேயும் போக வேண்டியதில்லை. புது அரசாங்கத்தோட பாஷை கத்துக் குடுப்போம். கத்துக்கிட்டா உத்தியோகம்,” என்றார். ஜப்பானிய மொழியை இனி எதற்கும் வைத்துக்கொள்ள முடியாது என்று ஊரில் பேச்சு. லேக்கல் சேர்ந்தான். அவன் சேர்ந்ததால் கோலாஸ் சேர்ந்தான். முகாம் எழுத்தர் லேக்கலுக்கு யாங் ஃபூலாய் என்று பெயர் கொடுத்தார். கோலாஸுக்கும் ஏதோ கொடுத்தார். அது அவன் வாயில் நுழையவே இல்லை. பெயர் கூப்பிடும்போது யாரும் வாய் திறக்காவிட்டால் அது தான்தான் என்று கண்டுகொண்டு, “உள்ளேன்” என்பான்.

அவர்கள் பிரிவுக்கு சாவ் என்று ஒரு சார்ஜென்ட். பெருநிலத்தில் ஹூனான் பக்கத்து ஆள். சட்டைப்பையில் காய்ந்த மிளகாய் இல்லாமல் அவரைப் பார்க்க முடியாது. முதல் நாள் நடையில் அவர் கை தட்டிப் பாட்டைத் தொடங்கினார். லேக்கலுக்குத் தூக்கிவாரிப்போட்டது. அதே மெட்டு. ஏற்றம், தயக்கம், இறக்கம், எல்லாம் அப்படியே. யோசிப்பதற்குள் தொண்டை திறந்துகொண்டது. கடல் பிளக்கட்டும், மலை குனியட்டும். தூய ஜப்பானிய மொழியில், முகாமே அதிரும்படி.

வரிசை நின்றது. சாவ் நடந்து வந்து கன்னத்தில் ஓங்கி அறைந்தார்.

ஜப்பானிய மொழி தெரிந்த எழுத்தர் ஓடிவந்து குறுக்கே நின்றார். “சார்ஜென்ட், பையன் தெரியாம பாடிட்டான். அங்கேயும் இதே மெட்டுதான் பாடுவாங்க.”

“என்னய்யா ஒளர்றே? நான் எங்க ஊர்ப் பள்ளிக்கூடத்துல அரைக்கால் சட்டை போட்ட வயசுல படிச்ச பாட்டு இது. இது எங்க பாட்டு.”

“உங்க வாத்தியாருக்கு வாத்தியார் ஜப்பான்ல படிச்சிருப்பாரு. அங்கேருந்து வந்திருக்கும்.”

“அப்போ ஜப்பான்காரனுக்கு?”

“ஜெர்மன்காரன் கோயில்ல பாடுற பாட்டுல இருந்து எடுத்ததா சொல்வாங்க. ஜெர்மன்காரனுக்கு எங்கேருந்து வந்துச்சோ.”

சாவ் சட்டைப்பையைத் துழாவினார். பிறகு லேக்கலிடம் திரும்பி, “எங்கேருந்தோ வந்துட்டுப் போகட்டும். இனிமே நம்ம வார்த்தையைப் போட்டுப் பாடு. தொண்டை நல்லாத்தான் இருக்கு,” என்றார். மிளகாய் ஒன்றை எடுத்து நீட்டினார். லேக்கல் அதைக் கடித்துவிட்டு நாள் முழுக்கத் தண்ணீர் குடித்தான்.

பாஷைப் பாடம் பெரிதாக நடக்கவில்லை. ஒரு காலையில் துறைமுகத்துக்கு நடத்திக்கொண்டு போனார்கள். கப்பலில் பயிற்சி என்றார்கள். கரை கண்ணுக்கு மறைந்த பிறகுதான் பெருநிலத்துக்குப் போகிறோம் என்பது தெரிந்தது. தீவுப் பையன்கள் சிலர் கடலில் குதித்தார்கள். கோலாஸ் கம்பியில் கால் வைத்தபோது லேக்கல் அவன் இடுப்புவாரைப் பிடித்து இழுத்துக் கீழே தள்ளினான்.

“விட்றா! நீந்திப் போயிடலாம்.”

“எந்தப் பக்கம்டா நீந்துவே?”

கோலாஸ் சுற்றிலும் பார்த்தான். எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி தண்ணீர். உட்கார்ந்து அழுதான்.

அதன் பிறகு வடக்கே ஒரு பெருஞ்சமவெளி. மலையும் இல்லை, கடலும் இல்லை. எந்தப் பக்கம் திரும்பினாலும் கோதுமை. எதிரி கம்யூனிஸ்டுகளின் செம்படை என்றார்கள். எதிரியும் சீனர்கள்தான் என்று தெரிந்ததும் கோலாஸ் சாவிடம் போய், “அவங்களை எப்படி அடையாளம் கண்டுபிடிக்கிறது?” என்று கேட்டான். “உன்னை எவன் சுடுறானோ அவன்தான்,” என்றார் சாவ். லேக்கல் எடுத்துக் கொடுத்தான், அவர்கள் நடந்தார்கள். ஓர் ஊருக்கு நடந்து போவார்கள், அங்கிருந்து வந்த வழியே திரும்பி நடப்பார்கள். முன்னேறும்போதும் பின்வாங்கும்போதும் பாட்டு ஒன்றுதான். எது முன்னேற்றம், எது பின்வாங்கல் என்று சாப்பாட்டு வண்டி கூட வருகிறதா என்பதைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

ஒரு வைகறையில் எதிரி பீரங்கி வாய் திறந்தது. படை சிதறியது. லேக்கல் ஒரு வாய்க்காலில் விழுந்து எழுந்தபோது பக்கத்தில் ஒருவரும் இல்லை. எங்கும் பனிமூட்டம், நீட்டிய கை தெரியவில்லை. சாவைக் கூப்பிட்டான், கோலாஸைக் கூப்பிட்டான். பதில் இல்லை. அப்போது மூட்டத்துக்குள்ளிருந்து கால்களின் சத்தமும், அந்த மெட்டும் வந்தன.

அவன் அழுதேவிட்டான். நம் ஆட்கள். ஓடிப்போய் வரிசையின் வாலில் சேர்ந்துகொண்டு, நடையைப் பிடித்து, முழுத் தொண்டையில் பாடினான். 'கொள்ளைக்காரச் செங்கூட்டத்தை வேரோடு பிடுங்குவோம்' என்பது அவன் பாடிய வரி. முன்னால் நடந்தவர்கள் ஒவ்வொருவராகத் திரும்பிப் பார்த்தார்கள். அவர்கள் பாடிக்கொண்டிருந்தது வேறு வரி. நிலம் உழுபவனுக்கு என்றோ என்னவோ. தொப்பியும் வேறு.

லேக்கல் பாட்டை நிறுத்திவிட்டு நின்றான். ஒருவன் அவன் துப்பாக்கியை மெதுவாக வாங்கிக்கொண்டான். பின்னால் வந்த இன்னொருவன் சிரிப்பை அடக்க முடியாமல், “நல்லாத்தான் பாடுறே அண்ணே. வார்த்தைதான் கொஞ்சம் இடிக்குது,” என்றான்.

அடி விழும் என்று காத்திருந்தான். தினைக் கஞ்சி கொடுத்தார்கள். படைக்கு எழுத்தும் பாட்டும் சொல்லித்தரும் சின் என்ற இளைஞர் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். மெலிந்த உடம்பு, மூக்குக்கண்ணாடியில் ஒரு பக்கம் காதுக் கம்பிக்குப் பதில் நூல். எல்லோரும் அவரை வாத்தியார் என்றார்கள்.

“ஊருக்குப் போகணும்னா வழிச்செலவு தர்றோம். எங்ககூட இருக்கணும்னாலும் இருக்கலாம். எந்த ஊரு?”

“தைவான்.”

வாத்தியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “அங்கே போக வழி இல்லையே தோழர்.”

அப்படியாக லேக்கல் மூன்றாவது படையில் சேர்ந்தான். மெட்டு தெரிந்ததால் வார்த்தைகள் சீக்கிரம் வந்துவிட்டன. இந்தப் படையில் பாட்டுக்கு இன்னும் மவுசு. ஓய்வில் இரண்டு கம்பெனிகள் எதிரெதிரே உட்கார்ந்து, “ரெண்டாம் கம்பெனி வாய் எங்கே, கஞ்சியோட முழுங்கிட்டீங்களா?” என்று சீண்டிச் சீண்டிப் பாடும். லேக்கல் இருந்த பக்கம்தான் ஜெயிக்கும்.

நாற்பத்தெட்டின் குளிர்காலத்தில் செம்படை அந்தச் சமவெளியில் தேசியப் படையைச் சுற்றி வளைத்தது. பனி கொட்டியது. உள்ளே மாட்டிக்கொண்டவர்கள் குதிரைகளைத் தின்று முடித்திருந்தார்கள். பதுங்குகுழிகள் கூப்பிடு தூரத்தில் இருந்தன. மாலையானால் செம்படைக்காரர்கள் காற்று வீசும் திசை பார்த்து மாவு உருண்டைகளை ஆவியில் வேகவைத்து மூடியைத் திறந்து வைப்பார்கள். தகரக் குழலில், “சகோதரர்களே, வாங்க, சாப்பிடுங்க,” என்று கூப்பிடுவார்கள்.

ஒரு மாலை வாத்தியார் குழலை லேக்கலிடம் கொடுத்தார். “நீங்க பாடுங்க தோழர். அந்தப் பக்கத்து ஆளுங்களுக்கும் இந்த மெட்டு தெரியும்.”

லேக்கல் பாடினான். உழுபவன், நிலம், புது விடியல். எதிர்க்குழியிலிருந்து யாரோ, “வேற பாட்டே கெடையாதா உங்களுக்கு?” என்று கத்தினான். இன்னொருவன் வீம்புக்கு அதே மெட்டில் தங்கள் வரியை எடுத்தான். பத்துப் பேர் சேர்ந்துகொண்டார்கள். இந்தப் பக்கமும் விடவில்லை. இரண்டு பக்கமும் ஒரே மெட்டில் ஒருவரையொருவர் வேரோடு பிடுங்கிக்கொண்டிருந்தார்கள். நடுவில் லேக்கலுக்கு இரண்டு வரியும் மனப்பாடம். காதில் ஒன்று, வாயில் ஒன்று. இந்த வரியில் தொடங்கி அந்த வரியில் முடித்தான். நடுவே கடல் பிளக்கட்டும் என்று வேறு வந்துவிட்டது. எது யாருடைய வார்த்தை என்று தெரியாமல் தலை சுற்றியது. வார்த்தைகள் மொத்தமும் கழன்று விழுந்தன. தன்னை அறியாமல், அந்த மெட்டின் மேல், ஊர் வயலில் எடுப்பதுபோல் வெறும் குரலை எடுத்தான்.

இரண்டு பக்கமும் ஒவ்வொருவராகப் பாட்டை நிறுத்தினார்கள். இது எந்த மொழி என்று யாருக்கும் தெரியவில்லை.

அவன் முடிப்பதற்குள், அரை மூச்சு முந்தி, எதிர்ப்பக்கத்திலிருந்து ஒரு குரல் வாங்கிப் பாடியது.

லேக்கல் குழலைக் கீழே போட்டான். பிறகு எடுத்தான், மறுபடி எடுத்துக் கொடுத்தான். அது மறுபடி முந்தி வந்து வாங்கியது. இருட்டும்வரை இது நடந்தது. யாரும் சுடவில்லை.

முடிந்ததும் கம்பெனியின் அரசியல் அதிகாரி வந்தார். வாத்தியாரும் கூட வந்தார்.

“அது என்ன பாஷை?” என்றார் அதிகாரி.

“எங்க ஊர்ப் பாட்டு.”

“என்ன சொன்னே?”

“ஒண்ணும் சொல்லலை.”

“அவன் என்ன பதில் சொன்னான்?”

“அவனும் ஒண்ணும் சொல்லலை.”

“ஒண்ணும் சொல்லாததுக்கு எதுக்குய்யா ரெண்டு பேரும் இத்தனை நேரம் கத்துனீங்க? பீரங்கி எங்கே இருக்குன்னு சொன்னியா?”

“அதுல வார்த்தையே இல்லைங்க. குரல் மட்டுந்தான்.”

“வார்த்தை இல்லாம எவனாவது பாடுவானா?” என்றார் அதிகாரி. வாத்தியார் தகரக் குழலைத் திரும்ப வாங்கிக்கொண்டார். லேக்கலின் கைகளைக் கட்டிச் சமையல் கொட்டகையில் உட்காரவைத்தார்கள். தான் எந்தப் பக்கத்துக்குத் துரோகம் செய்தோம் என்று யோசித்து யோசித்து அவனுக்கு அலுத்துப்போனது.

மறுநாள் பகலில் காவல்காரர்கள் ஒருவனைத் தரதரவென்று இழுத்து வந்தார்கள். கந்தல் சுற்றிய கால், வீங்கிய முகம், வாய் நிறைய வசவு. கோலாஸ். லேக்கலைப் பார்த்ததும் வசவு நின்றது. அவன் தொப்பியைப் பார்த்ததும் மறுபடி தொடங்கியது.

“அடப்பாவி! நீ எங்க ஆளுங்க குழியில இருக்கேன்னுல்ல நெனச்சேன்!”

“நான் இங்கேதான்டா ரொம்ப நாளா இருக்கேன்.”

“பனியில குரல் எந்தப் பக்கத்துலேருந்து வருதுன்னு தெரியலைடா. இடது பக்கம் எங்க மூணாம் கம்பெனி. அங்கேதான் இருக்கேன்னு நெனச்சு, உன்னைப் பார்க்கலாம்னு வந்தேன். சாவ் சார்ஜென்ட்கிட்ட சொன்னேன். போய்ட்டு வா, ஆனா அது எந்தப் பக்கம்னு எனக்கும் சரியாத் தெரியலைன்னாரு.”

அதிகாரி கோலாஸைத் தனியாகக் கூட்டிப்போய் நேற்றைய பாட்டுக்கு அர்த்தம் கேட்டார். அவனும், “ஒண்ணும் இல்லை,” என்றான். லேக்கல் நேற்றிலிருந்து கட்டுண்டு காவலில் கிடந்ததால், இருவரும் முன்கூட்டியே பேசி வைத்திருக்க வழியில்லை. இரண்டு பேரும் தனித்தனியே ஒரே ஒன்றுமில்லையைச் சொன்னதால் அதிகாரி அரைமனதாக நம்பினார். கட்டை அவிழ்த்தார்கள். சாவை அதன் பிறகு இருவரும் பார்க்கவில்லை. வளைப்புக்குள் இருந்தவர்கள் சரணடைந்து வரிசையாக நடந்துபோனபோது லேக்கல் சாலையோரம் நின்று முகம் முகமாகப் பார்த்தான். ஹூனான்காரர்கள் நிறையப் பேர் போனார்கள்.

பனியில் கோலாஸின் கால்விரல்கள் சில போயின. அவனை வடக்கே ஷான்டோங் மாநில ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். லேக்கல் படையோடு தெற்கே நடந்தான். கடைசியில் ஒரு கடற்கரைக்கு வந்தார்கள். கடலுக்கு அப்பால் தைவான். தோற்ற தேசியப் படை அங்கேதான் ஓடிப்போயிருந்தது. தீவைப் பிடிக்கத் தோணி ஓட்டவும் நீந்தவும் பயிற்சி கொடுத்தார்கள். கரை தெரிந்தவன் என்று அவனை முன்வரிசையில் வைத்தார்கள். ஊருக்குப் போகிறோம் என்று குதிப்பதா, ஊரைச் சுடப்போகிறோம் என்று நடுங்குவதா என்று அவனுக்குத் தெரியவில்லை. பிறகு கொரியாவில் சண்டை மூண்டது. தீவுக்குப் போகும் பேச்சு நின்றுபோனது. அப்பாடா என்றிருந்தது, அன்றே போர்வைக்குள் தலையை விட்டுக்கொண்டு அழவும் செய்தான்.

படையிலிருந்து விடுவித்ததும் ஷான்டோங்கில் கோலாஸ் வேலை பார்த்த செங்கல் சூளைக்கே அவனையும் அனுப்பினார்கள். அங்கே யூலான் என்ற பெண்ணைக் கட்டிக்கொண்டான். சூளையில் கல் அடுக்குகிறவள். கணக்கும் நாக்கும் கூர்மை. ஒரு மகள் பிறந்தாள். ஊரே ஒருவரையொருவர் சந்தேகித்த வருடங்கள் வந்தபோது லேக்கலை மேடையில் ஏற்றி, கழுத்தில் அட்டை மாட்டி, “உண்மையைச் சொல், நீ எந்தப் படையின் ஆள்?” என்று கேட்டார்கள். அவன் வெகுநேரம் யோசித்தான். கூட்டத்திலிருந்து யூலான் கத்தினாள்.

“அவருக்கே அது தெரியாம முழிச்சிக்கிட்டிருக்காரு. உங்களுக்குத் தெரிஞ்சா சொல்லிட்டுப் போங்க, வீட்டுல எங்களுக்கும் தெரியட்டும்!”

சிரிப்பு எழுந்தது. சிரித்தவர்களை அதட்டுவதில் கூட்டம் கலைந்தது. ஆனாலும் அவனை நெடுநாள் மலம் அள்ளவைத்தார்கள். கூட அள்ள வந்த கோலாஸ், “தொண்டை, தொண்டை,” என்று முணுமுணுத்துக்கொண்டே அள்ளினான்.

பெருநிலத்துக்கும் தீவுக்கும் இடையே அடைபட்டிருந்த போக்குவரத்து திறந்தபோது இருவருக்கும் தலை நரைத்துவிட்டது. ஹாங்காங் சுற்றிக்கொண்டு தைவானுக்குப் போனார்கள். லேக்கலின் தங்கை நாக்காவ் உயிரோடு இருந்தாள். அவன் வாயில் அமிஸ் மொழி துண்டு துண்டாக வந்தது. நடுநடுவே ஷான்டோங் பேச்சு கலந்தது. கடைசியில் அண்ணனும் தங்கையும், சின்ன வயதில் பள்ளிக்கூடத்தில் அடித்துப் புகட்டிய ஜப்பானிய மொழியில்தான் தடையில்லாமல் பேசிக்கொண்டார்கள்.

கொஞ்ச நாள் கழித்து அவன் தயங்கித் தயங்கிக் கேட்டான். “நாக்காவ், நான் இங்கேயே இருந்துடவா?”

அவள் மீனைச் சுரண்டிக்கொண்டே நிமிர்ந்தாள். “உனக்குப் பொண்டாட்டி இருக்காளாண்ணே?”

“இருக்கா. ஷான்டோங்ல.”

“அப்போ உன் வீடு அங்கேதானே? ஆம்பளைக்குப் பொண்டாட்டி வீடுதானே வீடு. இது என் வீடு, எனக்கு அப்புறம் என் மக வீடு. வா, எத்தனை தடவை வேணும்னாலும் வா, சாப்பிடு. ஆனா இருக்கிறதுன்னா அவகூடத்தான் இருக்கணும்.”

அவள் கோபமாகச் சொல்லவில்லை. அந்த ஊர் வழக்கத்தைச் சொன்னாள். அதில் தப்புக் கண்டுபிடிக்க லேக்கலுக்கு வழியில்லை.

“அப்போ நான்?” என்றான் கோலாஸ்.

“நீங்க கல்யாணமே பண்ணலையே. உங்க அக்கா வீட்டுல இருங்க. அதுக்கென்ன?”

கோலாஸ் இருந்துவிட்டான். பேருந்து நிற்கும் இடம்வரை நொண்டிக்கொண்டே வந்தான். “கப்பல்ல அன்னிக்கு என் இடுப்புவாரைப் பிடிக்காம விட்டிருந்தா நான் எப்பவோ வந்து சேர்ந்திருப்பேன்,” என்றான்.

“செத்திருப்பே.”

“அதுவும் சரிதான்.” பேருந்து கிளம்பும்வரை அவன் லேக்கலின் சட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

ஷான்டோங்கில் வாடைக்காற்று அடித்துக்கொண்டிருந்தது. பெட்டியோடு வாசலில் நின்றவனைப் பார்த்து யூலான் திகைத்தாள்.

“என்ன, அங்கேயே தங்கிடுவேன்னு நெனச்சேன். விரட்டிட்டாங்களா?”

“விரட்டலை. எனக்கு வீடு உன் வீடுதானாம். அங்கே அப்படித்தான் வழக்கம்.”

“இதை நீ கட்டுனியே. என் வீடு எப்படி ஆகும்? எங்க ஊர்ல புருஷன் வீடுதான்.”

அவன் விளக்க ஆரம்பித்தான். பாதியில் அவனுக்கே குழம்பியது. யூலான் பெட்டியை வாங்கி உள்ளே வைத்தாள்.

“யாரு வீடா வேணா இருக்கட்டும். முதல்ல கதவைச் சாத்து, குளிர் வருது.”